பயத்துக்கு ஜாமீன்

மனித குலத்தின் முன்னேற்றத்துக்குக் குறுக்கே நிற்பது பசி அல்ல, நோய் அல்ல, அறியாமையும் அல்ல. சிறுநீரகங்களின் தலையில் தொப்பி மாதிரி உட்கார்ந்திருக்கும் இரண்டு சுரப்பிகள்தாம். ஆபத்து என்றதும் உடம்பு முழுக்கப் பயத்தைப் பீய்ச்சி அடிக்கும் அந்தச் சுரப்பிகள் நவநீதனுக்குப் பிறவியிலிருந்தே வேலைநிறுத்தத்தில் இருந்தன. ஆகவே பரிணாம வளர்ச்சியின் அடுத்த படி நாமக்கல்லில், முதலாமாண்டு பி.காம். 'பி' பிரிவில், மூன்றாவது பெஞ்சில் ஏற்கெனவே வந்து உட்கார்ந்துவிட்டது.

இது கல்லூரி கேன்டீனில் நவநீதனே சொன்னது. முட்டை போண்டாவைக் கையில் வைத்துக்கொண்டு, துக்க வீட்டில் பேசுகிறவனின் முகத்தோடு சொன்னான். கேட்டவர்கள் சிரித்தார்கள். அவன் சிரிக்கவில்லை. சிரித்தால் அது ஜோக் ஆகிவிடும். சிரிக்காவிட்டால் கொள்கை.

"சரி மச்சி" என்றான் தமீம். அவன் நவநீதனுக்குப் பெஞ்சுத் தோழன். அவனுடைய கொள்கைகளை முதலில் கேட்டு, முதலில் சந்தேகப்படுகிறவன். "பரிணாம வளர்ச்சி நாளைக்கு எல்.எல்.ஆர். போடப் போகுதே, அதுக்கு எதுக்கு அம்மா கூட வர்றாங்க?"

"சட்டம் உங்கள மாதிரி ஆளுங்களுக்காகப் போட்டது. என்ன மாதிரி ஆளுங்க அனுசரிச்சுத்தான் போகணும்."

வண்டிகள் தாமாகவே ஓடத் தொடங்கி ஒரு தலைமுறை ஆகிவிட்டது. நாமக்கல்லின் முட்டை லாரிகள் ஆளில்லாமல் வரிசையாகக் கிளம்பி, ஆளில்லாமல் வரிசையாகத் திரும்பின. காரில் ஏறி ஊர்ப் பெயரைச் சொன்னால் போதும். தூங்கலாம், சண்டை போடலாம், புளிசாதம் சாப்பிடலாம். ஸ்டியரிங்கைக் கையால் பிடித்து ஓட்ட வேண்டிய தேவை ஒருவருக்கும் கிடையாது. தேவை இல்லாத விஷயத்துக்குத்தான் கல்லூரியில் மரியாதை. அங்கே 'கையோட்டுக் கழகம்' என்று ஒன்று இருந்தது. அதனிடம் ஸ்டியரிங் வைத்த பழைய நீலக் கார் ஒன்று இருந்தது. வருடத்துக்கு ஒரு முறை அதைக் கொல்லிமலைக்கு ஓட்டிப் போவார்கள். அடிவாரத்துக் காரவள்ளியில் ஏறினால் எழுபது கொண்டை ஊசி வளைவுகள். இந்த வருடம் ஓட்டப்போவது யார் என்று கழகம் இன்னும் முடிவு செய்யவில்லை. நவநீதன் முடிவு செய்திருந்தான். எல்.எல்.ஆர். என்ற பழகுநர் உரிமம் மட்டும்தான் பாக்கி.

எல்.எல்.ஆருக்கு ஒரு ஜாமீன்தாரர் வேண்டும்.

அப்பாவுக்கு ரத்தக் கொதிப்பு. சட்டப்படி அவர் யாருக்காகவும் பயப்படக் கூடாது. அதனால் அம்மா பூங்கோதை தன் பியூட்டி பார்லரைப் பூட்டிவிட்டு, ஆர்.டி.ஓ. ஆபீஸுக்கு வந்து நின்றாள். ஆய்வாளர் ஒரு பெண்மணி. பாதி சாப்பிட்ட டிபன் பாக்ஸை மூடி ஓரமாக நகர்த்திவிட்டு நிமிர்ந்தார்.

"பையனுக்கு நீங்கதான் ஜாமீனுங்களா?"

"ஆமாங் மேடம். எங்கீங்க கையெழுத்துப் போடோணும்?"

"இருங்கம்மா. மொதல்ல என்னன்னு தெரிஞ்சுக்கங்க."

மேஜை டிராயரிலிருந்து கறுப்பாக, மெலிசாக ஒரு வளையத்தை எடுத்து வைத்தார். அரசாணையில் அதற்குப் பெயர் 'பொறுப்புப் பகிர்மானப் பட்டை'. ஊர் அதைக் காப்பு என்றது.

"பதினெட்டு வயசுல பயம் முழுசா முளைச்சிருக்காதுங்க. அது இவங்க தப்பு இல்ல, மூளை அப்படி. இவன் ஓட்டறப்ப, இந்த ரோட்டுல இந்த வேகத்துக்கு ஒரு நிதானமான ஆளுக்கு எவ்வளவு பயம் வரணும்னு வண்டி கணக்குப் போடும். இவனுக்கு எவ்வளவு வந்திருக்குன்னு ஸ்டியரிங் பிடிச்ச கைய வெச்சே பாத்துக்கும். ரெண்டுக்கும் நடுவுல கொறையுது பாத்தீங்களா? அது உங்களுக்கு வந்துரும்."

"வலிக்குங்களா?"

"வலிக்காது. பயமா இருக்கும்."

"என்னத்தப் பாத்துங்க பயம்?"

"அது தெரியாதும்மா. படமெல்லாம் வராது. பயம் மட்டும்தான்."

அம்மா அந்த வளையத்தைத் தொடாமல் குனிந்து பார்த்தாள். "எதுக்குங்க மேடம் இப்படியொரு சட்டம்?"

"முன்னெல்லாம் அபராதம் போட்டோம். அப்பா கட்டிட்டாரு. வண்டியப் புடுங்கி வெச்சோம். மாமா வேற வண்டி குடுத்துட்டாரு. இது வந்தப்புறம்தான் விபத்து கொறைஞ்சுது. தனக்காகப் பயப்படாதவன்கூட, வீட்டுல ஒருத்தங்க நெஞ்சப் புடிச்சுட்டு உக்காந்திருக்காங்கன்னா ஆக்சிலேட்டர்ல இருந்து கால எடுத்துடறான்." நவநீதனை ஒருமுறை பார்த்துவிட்டு, "எல்லாரும் எடுக்கறதில்ல" என்று சேர்த்துக்கொண்டார். "முடியலன்னா காப்பக் கழட்டிடலாம். கழட்டுனா வண்டி தானா ஓரங்கட்டி நின்னுரும். இவனோட எல்.எல்.ஆர். ரத்து. ரெண்டு வருசத்துக்கு மறுபடி போட முடியாது."

"அதெல்லாம் கழட்ட மாட்டனுங்க."

"மேடம்" என்றான் நவநீதன், உதவி செய்கிற தொனியில். "எனக்கு வர வேண்டிய பயமே ரொம்பக் கம்மி. அதனால அம்மாவுக்குப் பெருசா வேலை இருக்காது."

ஆய்வாளர் விண்ணப்பத்தைத் திருப்பிப் பார்த்தார். "உனக்குக் கம்மின்னா அவங்களுக்கு ஜாஸ்திப்பா. கழித்தல் கணக்கு. பி.காம்.னு போட்டிருக்கியே?"

சோதனை ஓட்டம் ஆபீஸுக்குப் பின்னால் இருந்த மைதானத்தில் நடந்தது. எட்டுப் போடச் சொன்னார்கள். நவநீதன் எட்டுப் போட்டு, கேட்காமலேயே ஒன்பதும் போட்டான். இறங்கி வந்தபோது கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம் ஜாமீன்தாரர்கள் பிளாஸ்டிக் நாற்காலிகளில் வரிசையாக உட்கார்ந்திருப்பது தெரிந்தது. வெள்ளை வேட்டி கட்டிய கனத்த மனிதர் ஒருவர், காலேஜ் வாத்தியார் மாதிரி ஒருவர், இரண்டு பெண்கள், கடைசியில் அம்மா. ஒருவரை ஒருவர் பார்க்கவில்லை. எல்லோருடைய வலது காலும் தரையை அழுத்திக்கொண்டிருந்தது. அங்கே இல்லாத ஒரு பிரேக்கை அத்தனை பேரும் சேர்ந்து மிதித்துக்கொண்டிருந்தார்கள். அம்மா செருப்பைக் கழற்றிவிட்டு, கால் விரல்களை மடக்கி டைல்ஸில் ஊன்றியிருந்தாள்.

"எப்படிம்மா இருந்துச்சு?"

"கெணத்த எட்டிப் பாக்கறப்பப் பின்னாடி யாரோ முதுகுல கை வெச்ச மாதிரி இருந்துச்சு."

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான் போ. வா, கரும்புச் சாறு குடிச்சுட்டுப் போலாம்."

மறுநாள் கேன்டீனில் 'ஜாமீன் ஆட்டம்' அரங்கேறியது. நவநீதன் ஸ்டூலில் உட்கார்ந்து, உதட்டைக் கடித்து, கண்ணை மூடி, வலது காலால் தரையை மிதிமிதி என்று மிதித்தான். வேட்டிக்காரர் மிதிப்பது ஒரு விதம், வாத்தியார் மிதிப்பது இன்னொரு விதம். முகத்தில் மட்டும் எந்த மாற்றமும் கிடையாது. பெண்கள் பக்கத்து மேஜையிலிருந்துகூட 'ஒன்ஸ்மோர்' வந்தது. கையோட்டுக் கழகத்தின் செயலாளர் கண்ணீர் வரச் சிரித்துவிட்டு, கொல்லிமலைக்கு அவனே ஓட்டலாம் என்றான். அம்மா மாதிரி செய்து காட்டு என்று தமீம் கேட்டபோது, "அது குடும்ப விஷயம்" என்று நவநீதன் மறுத்துவிட்டான். அதற்கும் சிரித்தார்கள்.

அம்மாவின் தொழில் நூலில் நடப்பது. நூலின் ஒரு முனை பல்லில், மற்ற முனைகள் விரல்களில். புருவத்தில் எந்த முடி இருக்க வேண்டும், எது போக வேண்டும் என்பதை நூல் ஒரு இழுப்பில் தீர்த்துவிடும். அந்த நேரத்தில் கை ஆடக் கூடாது.

கழகத்தின் நீலக் காரில் பழகக் கிளம்பிய நவநீதன் திருச்சி ரோட்டில் ஆளில்லா முட்டை லாரிகளின் ஊர்வலம் ஒன்றை முந்தினான். அத்தனை லாரிகளையும் ஒரே மூச்சில். எதிரே பஸ் வந்துகொண்டிருந்தது. இடம் இருந்தது என்று அவன் பின்னால் விளக்கினான். இடம் இருந்தது உண்மைதான். ஒரு முட்டை வைக்கும் அளவுக்கு இருந்தது. அதே நொடியில், மறுநாள் நிச்சயதார்த்தம் வைத்திருந்த ஒரு பெண்ணின் இடது புருவத்தின் பிற்பாதி இந்த உலகை விட்டுப் போனது.

"பொண்ணோட அம்மா போட்ட சத்தம் பஸ் ஸ்டாண்டு வரைக்கும் கேட்டிருக்கும்" என்று அம்மா ராத்திரிச் சாப்பாட்டின்போது சொன்னாள். "பென்சில்ல வரைஞ்சு அனுப்பியிருக்கறேன். மாப்பிள்ளைப் பையன் தொட்டுக்கிட்டுப் பாக்காம இருந்தாச் சரி."

அப்பா தட்டிலிருந்து தலையைத் தூக்காமல் கேட்டார். "அந்தக் கருமத்தக் கழட்டிப் போட்டா என்ன?"

"சின்னப் பையன் ஆசைப்படறான். போச்சாது, விடுங்க."

திட்டியிருந்தால் நவநீதனுக்குச் சௌகரியமாக இருந்திருக்கும். திட்டுக்குப் பதில் தயாராக வைத்திருந்தான். அம்மா தோசையைத் திருப்பிப் போட்டாள். அது பாதி கல்லுக்கு வெளியே விழுந்ததை அவன் பார்த்தான். பார்த்ததும் ஒரு முடிவுக்கு வந்தான். மெதுவாக ஓட்டுவது என்ற முடிவு அல்ல. ஜாமீனை மாற்றுவது என்ற முடிவு.

ஆர்.டி.ஓ. ஆபீஸ் வாசலில், ஜெராக்ஸ் கடைக்கும் இளநீர் வண்டிக்கும் நடுவே புரோக்கர் சென்னியப்பன் நின்றிருப்பார். அவரிடம் வாடகைக்கு ஆட்கள் உண்டு. சம்பளம் வாங்கிக்கொண்டு ஊரார் பிள்ளைகளுக்காகப் பயப்படுகிறவர்கள். வாசலில் அவர்களைப் 'பயந்தாங்கி' என்பார்கள்.

"எப்படிப்பட்ட ஆளு வேணுமுங் தம்பி?" என்று கேட்டார் சென்னியப்பன். "ரெண்டு காப்பு போட்டவரு இருக்காரு, நாலு போட்டவரும் இருக்காரு. நாலுன்னாக் கொஞ்சம் மலிவு."

"நாலு பேரோட பயமும் ஒண்ணா வந்தா என்னண்ணா பண்ணுவாரு?"

"படுத்துக்குவாருங்."

நவநீதன் ஒற்றைக் காப்புக்காரர் ஒருவரைத் தேர்ந்தெடுத்தான். பரமத்தி வேலூர்க்காரர், பெயர் தங்கராசு. போட்டோவில் மீசை நன்றாக இருந்தது. தானியங்கி வண்டிகளால் வேலை போனவர்களுக்குத் தன்னைப் போன்ற அச்சமற்ற இளைஞர்களே வேலைவாய்ப்பை உருவாக்குகிறார்கள் என்று தமீமிடம் விளக்கினான். தமீம், "உங்கம்மாகிட்டச் சொல்லிட்டியா?" என்று மட்டும் கேட்டான்.

"அவங்களுக்கு விடுதலை. நாளைக்குச் சென்னியப்பன் அண்ணனே போன்ல சொல்லிடுவாரு."

இரண்டு நாள் கழித்து அம்மாவின் கையைப் பார்த்தான். வளையல்கள் மட்டும் தெரிந்தன. காப்பு தங்கராசுவிடம் போய்ச் சேர்ந்துவிட்டது என்று எடுத்துக்கொண்டான்.

கொல்லிமலைப் பயணம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. நீலக் காரில் நவநீதன், பக்கத்தில் தமீம், பின்னால் கழகத்தின் செயலாளரும் இன்னும் இரண்டு பேரும். காரவள்ளி தாண்டியதும் மலை எழுந்து நின்றது. ஒவ்வொரு வளைவிலும் அதன் எண்ணை எழுதி நட்டிருந்தார்கள். முதல் பத்து வளைவுகளுக்குள் நவநீதன் தன்னைக் கண்டுகொண்டான். பிரேக்கை மறந்துவிட்டால் வளைவு தானாக வழிவிடும் என்று அறிவித்தான். பின்சீட்டில் ஊளையிட்டார்கள்.

"அந்தத் தங்கராசு பாவம்டா" என்றான் தமீம், மேலே இருந்த கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு.

"அவருக்கு இன்னிக்கு ஓவர்டைம்."

பாதி மலைக்கு மேல், ஒரு வளைவு திரும்பிய உடனே நடுரோட்டில் அது உட்கார்ந்திருந்தது. நவநீதன் ஸ்டியரிங்கை ஒடித்தான். வெளிப்பக்கச் சக்கரம் ஓரக்கல்லைத் தேய்த்தது. கண்ணாடி முழுக்க ஒரு கணம் ரோடு இல்லை, வானம் மட்டும் இருந்தது. பிறகு வண்டி மறுபடி ரோட்டுக்கு வந்து, எதுவும் நடக்காத மாதிரி அடுத்த வளைவை நோக்கிப் போனது. ஒரு குரங்கு பாதிக் கொய்யாப்பழத்தோடு புதருக்குள் தாவி மறைந்தது.

தமீம் கைப்பிடியை இரண்டு கையாலும் பிடித்திருந்தான்.

"பாத்தீங்களா?" என்றான் நவநீதன். குரல் பிசிறவில்லை. "ஒண்ணுமே வரல."

மலைமேல் செம்மேட்டில் போட்டோ எடுத்துக்கொண்டார்கள். பனி, சில்வர் ஓக் மரங்கள், ஐந்து பேரின் பற்கள். நவநீதன் அதை அம்மாவுக்கு அனுப்பினான். வழக்கமாக ஒரு கட்டைவிரலாவது பதிலுக்கு வரும். வரவில்லை.

சாயங்காலம் வீடு திரும்பியபோது வீட்டின் முன்பகுதியில் இருந்த பார்லரின் ஷட்டர் பாதி இறங்கியிருந்தது. ஞாயிற்றுக்கிழமை கூட்டம் நெருக்கும் நாள். உள்ளே விளக்குப் போடவில்லை. ஃபேஷியல் நாற்காலியில், கண்ணாடிக்கு முதுகைக் காட்டி அம்மா உட்கார்ந்திருந்தாள். கதவோரம் ஒரு துணிப்பை இருந்தது.

"சாப்டியா கண்ணு?"

"ஆச்சும்மா. கடை ஏன் சாத்திக் கெடக்குது?"

அம்மா நாற்காலியின் நுனிக்கு நகர்ந்தாள். "ஒண்ணு கேக்கறேன். மறைக்காமச் சொல்லு. நான் யாருகிட்டயும் சொல்ல மாட்டேன். மத்தியானம் குறுக்க வந்தது யாரு?"

"எங்கம்மா?"

"மலையில. ஒவ்வொரு வளைவா எண்ணிட்டே இருந்தேன். பாதி மலைக்கு மேல. பயம் ஒரேயடியா வந்துச்சே, அப்ப."

அம்மா வளையல்களை முழங்கை வரை ஏற்றிக் காட்டினாள். அடியில் கறுப்பாக அந்தக் காப்பு இருந்தது. அதைச் சுற்றித் தோல் சிவந்திருந்தது.

"சென்னியப்பன் அன்னிக்கே போன் பண்ணுனாரு. ஆள் மாத்தோணும்னா பழைய ஆளு சம்மதிக்கோணுமாம். நான் சம்மதிக்கல. நீ குடுத்த பணத்தத் திருப்பி வாங்கி உன்ற பீரோவுலதான் வெச்சிருக்கறேன்."

"ஏம்மா?"

"எவனோ ஒருத்தன்டா. நீ யாருன்னே அவனுக்குத் தெரியாது. தாங்க முடியலன்னா பாதி மலையில கழட்டிப் போட்டுட்டான்னா? அவன் என்னத்துக்குத் தாங்கிட்டு இருக்கோணும்?" அம்மா மூச்சு வாங்கினாள். "அது கெடக்கட்டும். சொல்லு சாமி. கொழந்தையா?"

"கொரங்கும்மா."

"என்னது?"

"கொரங்கு. கொய்யாப்பழம் தின்னுட்டிருந்துச்சு. ஓடிப் போயிருச்சு. அதுக்கு ஒண்ணும் ஆகல. யாருக்கும் ஒண்ணும் ஆகல."

அம்மா அவன் முகத்தையே பார்த்தாள். பொய் இல்லை என்று தெரிந்ததும் சிரிக்க ஆரம்பித்தாள். சிரிப்பு நிற்கவில்லை. நாற்காலியின் கையைப் பிடித்துக்கொண்டு, தோள் குலுங்க, முந்தானையை வாயில் வைத்து அடக்கிப் பார்த்தாள். எப்போது அது அழுகையாக மாறியது என்று அவனுக்குத் தெரியவில்லை.

"நான் கொழந்தைன்னு நெனச்சுட்டேன்டா. மத்தியானத்துல இருந்து ஒரு கொழந்தையக் கொன்னுட்டு உக்காந்திருக்கறேன். அதுக்கு என்ன வயசு இருக்கும், பொட்டப் புள்ளயா, பையனா, அவங்கம்மா இந்நேரம் என்ன பண்ணீட்டிருப்பாளோன்னு..."

நவநீதன் கதவோரம் இருந்த துணிப்பையைப் பார்த்தான். மேலாக அவனுடைய நீலச் சட்டை மடித்து வைக்கப்பட்டிருந்தது. அதற்குப் பக்கத்தில் அவனுடைய பல் பிரஷ்.

"இது எதுக்கும்மா?"

"போலீசு வந்து உன்னக் கூட்டீட்டுப் போனா, மாத்திக்கத் துணி வேணுமல்ல?"

"போன் பண்ணியிருக்கலாமல்லம்மா."

"வண்டி ஓட்டீட்டு இருக்கறவனுக்குப் போன் பண்ணலாமாடா?"

"போட்டோ அனுப்புனனே. அதுலயே தெரிஞ்சிருக்குமே."

"அது அப்புறம் எடுத்ததா முன்ன எடுத்ததான்னு எனக்கென்ன தெரியும்?"

"கழட்டியிருக்கலாமல்ல?"

"கழட்டுனா வண்டி ஓரமா நின்னுரும்னு அந்த மேடம் சொன்னாங்க." அம்மா மூக்கைத் துடைத்துக்கொண்டாள். "அந்த மலையில ஓரம் எங்கடா இருக்குது?"

நவநீதன் பையைத் திறந்து சட்டையை எடுத்து உதறினான். மறுபடி மடித்தான். அம்மா மடித்த அளவுக்கு அது வரவில்லை.

"எல்.எல்.ஆரத் திருப்பிக் குடுத்துடறேம்மா."

"அதெல்லாம் வேண்டாம். எனக்கொண்ணு எடுத்துக் குடு."

"என்ன?"

"எல்.எல்.ஆர்."

அவன் அது ஜோக் என்று நினைத்தான். ஆனால் அம்மா சிரிக்கவில்லை.

"பயம் பூராவும் எனக்குத்தான் வந்துச்சு. ஒண்ணு பாக்கியில்லாம, எழுபது வளைவும். மேல போனப்புறம் போட்டோ அனுப்புனீல்ல, எல்லாரும் பல்லக் காட்டிக்கிட்டு நிக்கறீங்க. அது மட்டும் எனக்கு வரல. பயத்துக்கு அக்கட்டால, அந்தப் பக்கத்துல, என்னமோ ஒண்ணு இருக்குதல்ல? அதுக்குத்தானே நீ இந்தக் குதி குதிக்கற? அது என்னன்னு நானும் பாக்கோணும்."

"அதுக்கு ஒரு ஜாமீன் வேணுமேம்மா. அப்பாவுக்கு முடியாது."

அம்மா அவனைப் பார்த்தாள். பிறகு அவன் மணிக்கட்டைப் பார்த்தாள்.

ஆய்வாளருக்கு அவனை ஞாபகம் இருந்தது. காப்பை அவன் மணிக்கட்டில் மாட்டிவிட்டு, "உங்கம்மாவுக்கு வர வேண்டிய பயம் கம்மியா, ஜாஸ்தியா?" என்று கேட்டார்.

"ஜாஸ்திங்க மேடம்."

"அப்ப உனக்குப் பெருசா வேலை இருக்காது."

அவர் சொன்னது சரிதான். பூங்கோதை எட்டுப் போட்டபோதும், கழகத்தின் நீலக் காரை இரவல் வாங்கித் திருச்சி ரோட்டில் முதல் முறை ஏறியபோதும் காப்பில் ஒரு முறைகூட எதுவும் வரவில்லை. தனக்கு வர வேண்டியதை முழுக்கத் தானே பட்டுக்கொண்டு, உள்ளங்கை ஈரமாக, முட்டை லாரிகளுக்குப் பின்னால் பொறுமையாகப் போனாள். அவனுடைய ஓட்டத்திலும் ஏதோ மாறியிருக்க வேண்டும். ஒருநாள் அம்மா நூலைப் பல்லில் கடித்தபடியே கேட்டாள்.

"நேத்து சேந்தமங்கலம் வரைக்கும் போறேன்னு சொன்னியே, போகலியா? ஒண்ணுமே வரலியே."

"போகலம்மா" என்றான். போய்விட்டுத்தான் வந்திருந்தான்.

அடுத்த ஆண்டு கல்லூரி திறந்து, புதிதாகச் சேர்ந்தவர்கள் கேன்டீனில் இடம் பிடிக்கப் பழகிக்கொண்டிருந்த ஒரு சனிக்கிழமை. நவநீதன் முழுக்கைச் சட்டை போட்டிருந்தான். அவன் போண்டா ஆறிப்போயிருந்தது. சற்று முன்புதான் அம்மாவிடமிருந்து செய்தி வந்திருந்தது: 'காரவள்ளி வந்தாச்சு. அப்பா பக்கத்துல மாத்திரையோட இருக்காரு. இனி மேல போய்த்தான் போன எடுப்பேன்.'

"மச்சி, ஜூனியர்ஸெல்லாம் கேள்விப்பட்டிருக்காங்க" என்று தமீம் ஒரு கூட்டத்தையே கூட்டி வந்து நிறுத்தினான். "ஜாமீன் ஆட்டம் ஒரு தடவ ஆடிக் காட்டு."

"இன்னிக்கு வேண்டாம்டா."

"பரிணாம வளர்ச்சி ரொம்பப் பிகு பண்ணுது பாருங்க. அண்ணனுக்குப் பயங்கற சுரப்பியே கெடையாது."

நவநீதன் சட்டைக் கைக்குள் விரலை விட்டுக் காப்பைத் தொட்டுப் பார்த்தான். சில்லென்று, அசைவில்லாமல் இருந்தது. அம்மா பயந்து பயந்து ஒழுங்காக ஏறிக்கொண்டிருந்தால் அது இப்படித்தான் இருக்கும். வண்டி எங்காவது நின்றுபோயிருந்தாலும் இப்படித்தான் இருக்கும். இன்னும் என்னென்ன ஆனால் அது இப்படி இருக்கும் என்று அவன் ஒவ்வொன்றாக யோசித்தான். ஆய்வாளரிடம் இதைக் கேட்டிருக்க வேண்டும். காப்பில் ஒன்றும் வரவில்லை. ஆனால் கிணற்றை எட்டிப் பார்க்கும்போது பின்னால் யாரோ முதுகில் கை வைத்த மாதிரி இருந்தது. இது எந்தக் கணக்கில் வருகிறது என்று அவனுக்குப் புரியவில்லை.

"அண்ணே, ஆரம்பிச்சுட்டாருண்ணே!" என்று ஒரு ஜூனியர் கத்தினான். "காலப் பாருங்க, காலப் பாருங்க!"

எல்லோரும் குனிந்து மேஜைக்கு அடியில் பார்த்தார்கள். நவநீதனின் வலது கால் தரையை அழுத்திக்கொண்டிருந்தது. கொஞ்சம் விட்டது, மறுபடி அழுத்தியது, அப்படியே நின்றது. ஷூவுக்குள் விரல்கள் மடங்குவது வெளியிலிருந்தே தெரிந்தது.

"செம மச்சி! மூஞ்சியில ஒண்ணுமே காட்டாம எப்படிடா பண்ற?" என்று தமீம் கை தட்டினான். பக்கத்து மேஜைகளிலிருந்தும் கைதட்டல் வந்தது. யாரோ விசிலடித்தார்கள்.

நவநீதன் சிரிக்கவில்லை. காலையும் எடுக்கவில்லை.